சறுக்கலும் விழுகையும்

இந்தப் பக்கங்களில் வழமையாக நாவல்களையும் கவிதைத் தொகுதிகளையும் பற்றித்தான் எழுதுகிறோம். இம்முறை நான் எடுத்துக்கொண்டிருப்பது ஒரு சிகிச்சைக் கையேடு. யேல் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த உளவியலாளர் கதலீன் கரோல் எழுத, அமெரிக்க அரசின் போதைப்பொருள் ஆய்வு நிறுவனம் 1998இல் வெளியிட்டது. கொக்கெயினுக்கு அடிமையான ஒருவருக்கு அறிகை நடத்தைச் சிகிச்சையை எப்படி வழங்குவது என்று சிகிச்சையாளருக்குச் சொல்லித்தரும் நூல். இதில் கதை இல்லை, நடையழகு இல்லை. ஆயினும் ஓர் இலக்கியச் சஞ்சிகையில் இதைப் பேச ஒரு நியாயம் உண்டு. இந்தச் சிகிச்சையில் குளிசையும் ஊசியும் கிடையாது. சொற்கள் மட்டுமே உண்டு. சொல் பிழைத்தால் சிகிச்சையும் பிழைத்துவிடும். அப்படி ஒருமுறை பிழைத்தபோது அந்தச் சொல்லைச் சொன்னவன் நான்.

சுவிசில் நீண்டகாலம் இருப்பவர்கள் சூரிச்சின் பிளாட்ஸ்பிட்ஸ் பூங்காவை மறந்திருக்கமாட்டார்கள். பிரதான புகையிரத நிலையத்துக்குக் கிட்ட, பட்டப்பகலில் கூட்டங்கூட்டமாக ஊசி ஏற்றிக்கொண்டிருந்த இடம். 1992 பெப்ரவரியில் அதை மூடினார்கள். கூட்டம் லெட்டன் என்ற கைவிடப்பட்ட புகையிரத நிலையத்துக்கு நகர்ந்தது. 1995 பெப்ரவரியில் அதுவும் மூடப்பட்டது. இடையில், 1994இல், வைத்தியரின் மேற்பார்வையில் ஹெரோயினையே மருந்தாகக் கொடுக்கும் முயற்சி ஆரம்பமானது. 2008 நவம்பரில் நடந்த வாக்கெடுப்பில் 68 வீதமானோர் ஆதரவளித்து அது நிரந்தரச் சட்டமானது. ஆக, ஹெரோயினுக்கு மெதடோன் என்றும் வேறென்றும் ஒரு வழி பிறந்தது. கொக்கெயினுக்கும் அம்பெற்றமின் வகைகளுக்கும் அப்படியொன்று கிடைக்கவில்லை. இந்தத் தூண்டுபொருட்களின் அடிமைத்தனத்துக்கென அங்கீகரிக்கப்பட்ட மருந்து அன்றும் இருக்கவில்லை, இன்றும் இல்லை. அதனால்தான் பேச்சு.

கையேட்டின் அடிப்படை எளிமையானது. போதையைப் பாவிப்பது கற்றுக்கொண்ட ஒரு நடத்தை. கற்றுக்கொண்டதென்றால், வேறொன்றைக் கற்று அதன் இடத்தில் வைக்கலாம். இதை விளக்கப் பாவ்லோவின் நாயையும் மணியையும் துணைக்கு அழைக்கிறார் கரோல். பன்னிரண்டு வாரங்கள், பன்னிரண்டு முதல் பதினாறு அமர்வுகள். ஒவ்வொரு அமர்வும் ஒரு மணித்தியாலம், அதில் மூன்று இருபது நிமிடங்கள். முதல் இருபதில் கடந்த வாரம் நடந்தவை. அடுத்ததில் ஒரு புதிய திறன்: ஆசை எழும்போது என்ன செய்வது, நீட்டுகிறவனுக்கு எப்படி 'வேண்டாம்' சொல்வது, சிக்கல் வந்தால் எப்படித் தீர்ப்பது. கடைசி இருபதில் வீட்டில் செய்துபார்க்க ஒரு பயிற்சியும் வரப்போகும் வாரத்தின் ஆபத்துக்களும்.

தமிழில் இப்படிப்பட்டவரை 'அடிமை' என்கிறோம். ஜேர்மனில் 'சுக்ற்' என்கிறார்கள். அது 'தேடுதல்' என்ற சொல்லிலிருந்து வந்ததாகப் பலரும் நினைப்பார்கள். உண்மையில் நோயுற்றுக் கிடத்தலைக் குறிக்கும் பழஞ்சொல்லின் வழி வந்தது. இந்தக் கையேடு அவரை அடிமையாகவும் பார்க்கவில்லை, வெறும் நோயாளியாகவும் பார்க்கவில்லை. பிழையான ஒன்றை நன்றாகக் கற்றுவிட்ட மாணவராகப் பார்க்கிறது. குடும்ப மானம், பழக்கதோஷம், தலைவிதி என்ற மூன்றுக்குள் எல்லாவற்றையும் அடைத்துவிடும் எமது சூழலுக்கு இது பெரிய விடுதலை. இந்த நூலை நான் மதிப்பதற்கு முதற்காரணம் இதுவே.

இனி அந்த மனிதர். அவரிடம் கேட்டு, அவர் சம்மதித்த பின்புதான் எழுதுகிறேன். அடையாளங்களை மாற்றியிருக்கிறேன். 'தம்பி' என்றே குறிப்பிடுகிறேன். நான் அவரைக் கூப்பிடுவதும் அப்படித்தான். வடமராட்சிக் கரையோரத்தவர். 1991இல் வந்தவர். 2003இல் ஒரு றெஸ்ரோறன்ற் சமையலறையில் காலை பத்துமணி தொடக்கம் நள்ளிரவு வரை வேலை. அதற்குமேல் விடியப்புறம் பத்திரிகை போடும் வேலை. கொக்கெயின் அவருக்குக் கிடைத்தது களியாட்டத்தில் அல்ல, அந்தச் சமையலறையில். நித்திரையைத் தள்ளிவைக்க, கால் நோவை மறக்க, சனிக்கிழமை இரவுகளைத் தாண்ட.

இங்கே எங்கள் சமூகத்தைப் பற்றியும் ஒன்று சொல்லவேண்டும். குடிகாரனை எங்களுக்குத் தெரியும். அவன் வேலைக்குப் போகமாட்டான், றோட்டில் கிடப்பான். தூண்டுபொருளுக்கு அடிமையானவனோ ஆரம்ப வருடங்களில் மற்றவர்களைவிடக் கூடுதலாக உழைப்பான். தம்பி இரண்டு வேலை செய்தார், சீட்டுக் கட்டினார், ஊருக்குக் காசு அனுப்பினார். 'அவனைப் பாருங்கோ, மிசின் மாதிரி' என்று கலியாண வீடுகளில் அவரைக் காட்டிச் சொன்னதை நானே கேட்டிருக்கிறேன். நாங்கள் புகழ்ந்தது அவரையா, அந்தத் தூளையா என்று இன்று யோசிக்கிறேன். எண்பதுகளில் தமிழர்களைப் போதைவஸ்து வியாபாரிகளாகச் சித்திரித்த பத்திரிகைகளும் எங்கள் நினைவில் இருந்தன. அந்தப் பயத்தில் எவரும் இதைப் பற்றி வாய் திறப்பதில்லை. ஒருநாள் வேலையிடத்தில் மயங்கி விழுந்து, வைத்தியசாலையில் விடயம் வெளிவந்து, சிகிச்சைக்கு அனுப்பப்பட்டார். ஜேர்மன் அவருக்குச் சமையலறை அளவுக்குத்தான் தெரியும். மொழிபெயர்ப்பாளனாக நான் போனேன். சிகிச்சையாளர் பின்பற்றியது இந்தக் கையேட்டின் ஒழுங்கைத்தான் என்பது பல வருடங்களின் பின் இதை வாசித்தபோது தெரிந்தது.

கையேட்டின் இதயம் என்று சொல்லக்கூடியது, ஒவ்வொரு பாவனையையும் அதன் முன்னும் பின்னும் வைத்து அலசுவது. எங்கே இருந்தீர்கள், யாரோடு, எத்தனை மணிக்கு, அப்போது மனதில் என்ன ஓடியது, கையில் எவ்வளவு காசு, பிறகு என்ன நடந்தது? தன் வாழ்க்கையைத் தானே கவனிக்கப் பழக்குவதே இதன் நோக்கம். நல்ல நோக்கம். ஆனால் இந்தக் கேள்விகளை எங்களிடம் முன்பும் ஒருவர் கேட்டிருக்கிறார். மேசைக்கு அந்தப் பக்கம் ஓர் அதிகாரி, இந்தப் பக்கம் அகதி, நடுவில் மொழிபெயர்ப்பாளன். எந்தத் திகதி, எத்தனை மணி, யாரோடு, ஏன் முன்னர் வேறுவிதமாகச் சொன்னீர்? அகதி விசாரணையில் நாங்கள் கற்ற பாடம் ஒன்று உண்டு: விபரம் கூடக்கூட ஆபத்தும் கூடும். ஒரு கதையைத் தயார்செய்து, அதை மாற்றாமல் சொல்லவேண்டும். தம்பி அதையே செய்தார். வாராவாரம் ஒரே கதை: 'வேலை கூட, களைப்பு, அதுதான்.' சிகிச்சையாளர் அதை ஒத்துழையாமை என்று நினைத்தார். அந்த விசாரணை அறையிலும் தம்பிக்கு மொழிபெயர்த்த குரல் என்னுடையதே என்பது அவருக்குத் தெரியாது. நானும் சொல்லவில்லை.

'எது தூண்டியது' என்ற அவரது கேள்வியை நான் 'என்ன காரணம்' என்று தமிழாக்கிக்கொண்டிருந்தேன். தூண்டியதைக் கேட்டால் ஒரு மனிதன் சுற்றுமுற்றும் பார்ப்பான். காரணத்தைக் கேட்டால் தன்னை நியாயப்படுத்தத் தொடங்குவான். இது முதற்பிழை.

இரண்டாவது, ஆசை என்பதற்கான சொல். ஜேர்மனில் அதை 'அழுத்தம்' என்ற பொருளில் சொல்வார்கள். நான் தடுமாறியபோது தம்பியே ஒரு சொல் தந்தார். 'விடாய் மாதிரி அண்ணை.' அருமையான சொல் என்று அன்று மகிழ்ந்தேன். எங்கள் ஊர்ச் சொல், நாவறட்சியையே கேட்கவைக்கும் சொல். ஆனால் கையேடு சொல்வது அதற்கு நேர்மாறானது. இந்த ஆசை எழும்பும், உச்சத்துக்குப் போகும், இடங்கொடாமல் இருந்தால் பெரும்பாலும் ஒரு மணித்தியாலத்துக்குள் தானாகவே தணியும். இதை அனுபவத்தில் கண்டுகொள்வதுதான் அந்த அமர்வின் முழு நோக்கமும். விடாய் தானாகத் தணிவதில்லை. குடிக்கும்வரை ஏறிக்கொண்டே போகும், குடிக்காவிட்டால் ஆள் செத்துப்போவான். ஒவ்வொரு சொல்லுக்குள்ளும் ஒரு மருத்துவக் கொள்கை ஒளிந்திருக்கிறது. நான் அழகான சொல்லைத் தெரிந்தெடுத்தேன். அதோடு, 'இதை வெல்ல ஏலாது' என்ற கொள்கையையும் சேர்த்தே கொடுத்துவிட்டேன்.

கையேட்டில் எனக்கு மிகவும் பிடித்த பகுதி, 'சம்பந்தமில்லாததுபோல் தோன்றும் முடிவுகள்' பற்றியது. ஒருவர் போதையைத் தேடிப் போவதாக நினைக்காமலே, ஒன்றன்பின் ஒன்றாகச் சின்னச்சின்ன முடிவுகளை எடுத்து, கடைசியில் போதை கிடைக்கும் இடத்தில் போய் நிற்பார். ஒவ்வொரு முடிவுக்கும் ஒரு நல்ல நியாயம் இருக்கும். அந்த ஒக்டோபரில் தம்பி தன் சீட்டை எடுத்தார். இன்னும் ஐந்து மாதம் பொறுத்திருந்தால் நல்ல தொகை கிடைத்திருக்கும். பெருங்கழிவு விட்டு முந்தி எடுத்தார். ஊரில் தங்கைச்சியின் கலியாணத்துக்கு என்றார். கலியாணத்துக்கு இன்னும் நாளே வைக்கவில்லை. எட்டாயிரம் பிராங் ஒரு வெள்ளிக்கிழமை அவர் கைக்கு வந்தது. கையில் காசு சேரும் நாள் ஆபத்தான நாள் என்பது இந்தச் சிகிச்சையில் அரிச்சுவடி. ஆனால் சிகிச்சையாளர் சம்பள நாளை மட்டுமே குறித்துவைத்திருந்தார். சீட்டு என்று ஒன்று இருப்பதே அவருக்குத் தெரியாது. எனக்குத் தெரியும். மொழிபெயர்ப்பாளன் தன்பாட்டில் எதையும் சேர்க்கக்கூடாது என்பது விதி. விதியின் பின்னால் ஒளிந்துகொள்வது வசதியாக இருந்தது.

எட்டாவது கிழமை வந்து, சனியிரவு ஒருதடவை பாவித்ததாகச் சொன்னார். முதன்முறையாகத் தயார்செய்யாத கதை. சிகிச்சையாளர் பதறவில்லை. ஜேர்மனில் அழகான இரண்டு சொற்கள் உண்டு. ஒன்று 'அவுஸ்றுட்சர்': கால் வழுக்குவது, சறுக்குவது. மற்றது 'றூக்பால்': திரும்பவும் பழைய நிலைக்கே விழுவது. 'இது முதலாவதுதான், இரண்டாவது அல்ல, அதற்கு முன் என்ன நடந்ததென்று பார்ப்போம்' என்றார் அவர். நான் சொன்னது: 'ஒருக்கா விழுந்திட்டீர், பரவாயில்லை, என்னண்டு விழுந்தனீர் எண்டு பாப்பம் எண்டு சொல்லுறா.' அவர் கவனமாகப் பிரித்துவைத்த இரண்டையும் ஒரே சொல்லில் போட்டுக் குழைத்துவிட்டேன். அந்த நேரத்தில் ஆறுதலாகப் பேசிவிட்டதாகவே நினைத்தேன். தம்பி சிகிச்சையாளரைப் பார்க்கவில்லை, என்னைப் பார்த்தார். 'விழுந்தாச்செண்டா விழுந்ததுதானே அண்ணை' என்றார். அதை நான் 'கவலையாக இருக்கிறதாம்' என்று ஜேர்மனில் சொன்னேன். அடுத்த கிழமை அவர் வரவில்லை. அதற்கடுத்த கிழமையும் வரவில்லை.

2011இல் ஒரு பயிற்சி வகுப்புக்காக இந்தக் கையேட்டை முதன்முதலில் முழுவதுமாக வாசித்தேன். இதன் வேர்களில் ஒன்று அலன் மார்லற் என்ற அமெரிக்க உளவியலாளரின் மீள்வீழ்ச்சித் தடுப்பு முறை. அவரும் ஜூடித் கோர்டனும் 1985இல் வெளியிட்ட நூல் ஒரு விடயத்தை அழுத்திச் சொல்கிறது. முற்றாக விடுவதென்று சபதமெடுத்தவர் ஒருமுறை தவறினால், அந்தத் தவறைவிட, அதற்கு அவர் கொடுக்கும் விளக்கமே அவரைக் கவிழ்க்கிறது. 'நான் இப்படித்தான், என்னால் ஏலாது, எல்லாம் போச்சு' என்று நினைத்தவர் முழுவதுமாகத் திரும்பிவிடுகிறார். 'வழியில் ஓர் இடத்தில் கால் வழுக்கியது' என்று நினைத்தவர் மீள்கிறார். சத்தியம் பண்ணுவதும், சத்தியம் முறிந்தால் எல்லாம் முறிந்ததென்று விட்டுவிடுவதும் எங்களுக்கு மட்டும் உரிய குணம் அல்ல என்று அறிந்தபோது ஒருவகை ஆறுதல். ஆனால் எங்கள் பேச்சில் 'திருந்தியவன்', 'திருந்தாதவன்' என்ற இரண்டுக்கும் நடுவில் நிற்க ஒரு படிகூட இல்லை என்பதும் உண்மை. அந்தப் படியாக இருந்திருக்கவேண்டிய ஒரேயொரு சொல்லை நான் தவறவிட்டேன்.

இதெல்லாம் மொழிபெயர்ப்பாளனின் குற்றம், நூலின் குற்றமல்ல என்று நீங்கள் கேட்கலாம். நூலின் பங்கும் உண்டு. அது அடிக்கடி சொல்லும் ஒரு சொல் 'தவிர்'. ஆபத்தான இடத்தைத் தவிர், ஆட்களைத் தவிர். தம்பிக்கு ஆபத்தான இடம் அவரது வேலையிடம். ஆபத்தான ஆள் பக்கத்து அடுப்பில் நிற்பவன். தற்காலிக அனுமதியோடு இருந்தவருக்கு அந்நாளில் வேலை மாறுவது இலகுவான காரியமல்ல. வேலை போனால் அனுமதிக்கும் பாதிப்பு வருமென்ற பயம் வேறு. வேலை, வீடு போன்ற பிரச்சினைகளுக்குக் கையேடு ஓர் அத்தியாயம் ஒதுக்கியிருக்கிறது என்பதை மறைக்கக்கூடாது. ஆனால் அது எட்டு விடயங்களில் ஒன்றாக மட்டுமே வந்துபோகிறது. இந்தச் சிகிச்சை யாருக்குப் பொருந்தாது என்று சொல்லுமிடத்தில், நிலையான வசிப்பிடம் இல்லாதவர்களையும் நேர்மையாகவே குறிப்பிடுகிறார் கரோல். அவர் நினைத்தது கூரையை. எங்களிற் பலருக்குக் கூரை இருந்தது, நிலைதான் இருக்கவில்லை.

இன்னொரு முரணும் உண்டு. இந்த முறை கவனத்தையும் ஞாபகசக்தியையும் எழுதிவைக்கும் பழக்கத்தையும் கேட்கிறது. நீண்டகாலக் கொக்கெயின் பாவனை முதலில் மங்கச்செய்பவை இவைதான். இத்திறன்கள் பலவீனப்பட்டவர்களே இந்தச் சிகிச்சையை இடையில் விட்டுப்போகும் வாய்ப்புக் கூட என்று பின்வந்த ஆய்வுகள் காட்டின. நித்திரையில்லாத ஒரு சமையல் தொழிலாளியிடம் வாராவாரம் வீட்டுப்பாடம் கேட்டதை நினைத்துப்பாருங்கள்.

வேறு வழிகளும் இருக்கின்றன. வெர்மொன்டில் ஸ்டீபன் ஹிக்கின்ஸ் குழுவினர் தொண்ணூறுகளின் தொடக்கத்தில், சிறுநீர்ப் பரிசோதனை சுத்தமாக வரும் ஒவ்வொரு தடவையும் பொருள் வாங்கக்கூடிய ஒரு சீட்டைக் கொடுத்தார்கள். முதலாவதன் பெறுமதி இரண்டரை டொலர், தொடர்ந்து சுத்தமாக இருந்தால் ஒவ்வொரு தடவையும் ஒன்றேகால் டொலர் கூடும். 1994இல் வெளிவந்த அவர்களது ஆய்வில், இந்தச் சீட்டைப் பெற்றவர்களில் 75 வீதமானோர் 24 வாரங்களை முடித்தார்கள். பெறாதவர்களில் 40 வீதமானோர்தான் முடித்தார்கள். 2018இல் 50 ஆய்வுகளை ஒன்றாக வைத்து அலசியபோதும், இவ்வாறு பரிசளிப்பதையும் வேலை, குடும்பம், பொழுதுபோக்கு என்று வாழ்க்கையையே சீர்செய்ய உதவுவதையும் இணைத்த முறைதான் முன்னுக்கு நின்றது. இதைப் பார்த்து, பேச்சுச் சிகிச்சை வீண் என்று முடிவுகட்டக்கூடாது. கரோல் குழுவினர் 1994இல் வெளியிட்ட ஓராண்டுத் தொடர்கவனிப்பில், அறிகை நடத்தைச் சிகிச்சையின் பலன் சிகிச்சை முடிந்த பிறகும் வளர்ந்துகொண்டிருந்தது. பரிசு ஆளை வாசலில் பிடித்துவைக்கிறது. கற்றது வீட்டுக்குக் கூடவே போகிறது. இரண்டும் வேண்டும். தம்பியைப் பன்னிரண்டாவது வாரம்வரை கொண்டுபோக அந்த அறையில் எதுவும் இருக்கவில்லை என்பதே என் ஆதங்கம்.

பாடத்தை எங்கள் பாஷையில் எழுதமுடியாது என்றில்லை. யாழ்ப்பாணத்தில் போர்க்காலத்தில் பணியாற்றிய உளமருத்துவர் தயா சோமசுந்தரம், தசைகளைத் தளர்த்தும் மேற்கத்தைய பயிற்சிகளோடு மூச்சுப்பயிற்சியையும் ஜெபத்தையும் அவரவர் சமயத்தில் ஏற்கெனவே பழகியிருந்த முறைகளையும் பயன்படுத்தினார். அங்கே செய்யமுடிந்ததை இங்கே நாங்கள் செய்யவில்லை. கையேடுகளை உத்தியோகபூர்வக் கடிதங்களைப்போலத் தமிழாக்கினோம்.

தம்பியை 2012இல் தற்செயலாக ஒரு செத்தவீட்டில் கண்டேன். இடைப்பட்ட வருடங்களை விபரிக்கமாட்டேன். மனிசியும் பிள்ளைகளும் இரண்டு வருடம் பிரிந்திருந்தார்கள் என்பதோடு நிறுத்துகிறேன். 2006இல் வேறொரு இடத்தில் சிகிச்சையைத் தொடங்கி, முடித்திருந்தார். அப்போது ஜேர்மன் ஓரளவு பிடிபட்டிருந்ததாம். மொழிபெயர்ப்பாளர் வேண்டாமென்று தானே சொன்னாராம். நான் அந்த இரண்டு சொற்களைப் பற்றியும் அவரிடம் சொன்னேன். சீட்டு விடயத்தில் வாய்மூடி இருந்ததையும் சொன்னேன். கொஞ்சநேரம் பேசாமல் இருந்தார். 'நான் வரேக்கையே விழுந்திட்டன் எண்டு நினைச்சுக்கொண்டுதான் வந்தனான். நீங்களும் அதையே சொன்னியள். மற்றதைச் சொல்லியிருந்தா நம்பியிருப்பனோ தெரியாது. ஆனா கேட்டிருப்பன்.' அதில் மன்னிப்பும் இருக்கவில்லை, கோபமும் இருக்கவில்லை.

விடாய் என்ற சொல்லைப் பற்றியும் கதைத்தோம். இப்போது அவர் அதை 'அலை' என்கிறார். கரையில் வளர்ந்தவர். வாற அலைக்கு முன்னால் விறைச்சு நிண்டால் அடிச்சு விழுத்தும், அதோடை எழும்பி இறங்கவேணும், எந்த அலையும் கரையிலை போய் முடியுந்தானே என்றார். கையேட்டில் பக்கக்கணக்கில் இருப்பது இதுதான். 2003இல் நான் அவரைக் கேட்டிருந்தால் அன்றே தந்திருப்பார்.

யாராவது இந்த நூலைத் தமிழுக்குக் கொண்டுவர நினைத்தால், கொண்டுவரவேண்டும் என்றே நானும் சொல்வேன். அகராதியைத் திறக்குமுன் தம்பி போன்ற நாலுபேரோடு ஒரு மேசையில் இருந்து, ஒவ்வொரு சொல்லையும் அவர்களிடம் கொடுத்துப் பார்க்கவேண்டும். சீட்டையும், இரட்டை வேலையையும், ஊருக்கு அனுப்பும் காசையும் அதன் ஆபத்துப் பட்டியலில் சேர்க்கவேண்டும். விசாரணை அறையில் மொழிபெயர்த்தவரைச் சிகிச்சை அறைக்கு அனுப்பக்கூடாது.

2015இல் ஒரு ஞாயிறு இரவு தம்பியிடமிருந்து தொலைபேசி வந்தது. 'சறுக்கிப்போட்டன் அண்ணை' என்றார். எப்போது, எங்கே, யாரோடு என்று நான் கேட்கவில்லை. அவரே ஒவ்வொன்றாகச் சொன்னார். மறுநாள் வேலைக்குப் போகுமுன் தன் சிகிச்சையாளருக்கு அழைத்து நேரம் எடுத்திருக்கிறார்.